பல் வலிக்குப் பயந்தவர்கள் சொன்ன கதை

அவையின் நடுவே அணிவிளக்காய் அமர்ந்திருக்கும் தலைவர், நமது நூலகக் குழுவின் முதல்வர், கீழ்க்கரை ஜவுளிக்கடை முதலாளி அவர்களே! அவருக்கு அருகில், நாற்காலியின் நுனியில், எப்போது வேண்டுமானாலும் எழுந்து போய்விடுவேன் என்பதுபோல் அமர்ந்திருக்கும் மேல்கரைக் கோடாலி வீட்டுப் பெரியவர் அவர்களே! இந்த நூலைத் தொகுத்தளித்த ஆசிரியர், ஆற்றின் இரு கரை மக்களையும் வாய் திறக்க வைத்தவர், திறந்த வாயை மூடவும் வைத்தவர், எங்கள் பல் டாக்டரம்மா அவர்களே! ஆற்றின் கடைக்கோடியிலிருந்து படகேறி வந்திருக்கும் வலைக்கார அம்மா அவர்களே! அறிவில் மூத்த சான்றோர்களே! அன்பில் மூத்த தாய்மார்களே! இடம் கிடைக்காமல் சுவரோரம் நின்றுகொண்டு, "இந்தம்மா எப்போ முடிக்கும்?" என்று கைப்பேசியில் மணி பார்க்கும் தம்பிமார்களே! உங்கள் ஒவ்வொருவரையும் என் உள்ளத்து வாசலில் நின்று கைகூப்பி வணங்குகிறேன்.

நான் பேச்சாளர் அல்ல. பல் மருத்துவமனையில் உதவியாளர். இத்தனை ஆண்டுகளாக நான் பொதுமக்களிடம் பேசிய பேச்சு மூன்றே வாக்கியம்தான். "உட்காருங்க." "வாயைத் திறங்க." "துப்புங்க." இன்றைக்கு என்னை மேடையேற்றி ஒலிபெருக்கியைக் கையில் கொடுத்திருக்கிறீர்கள். உங்களுக்குத் துணிச்சல் அதிகம்!

நம் ஊரின் கதைகளும் கர்ணபரம்பரைச் செய்திகளும் பழைய வரலாறும் இன்று ஒரே நூலாக உங்கள் முன்னால் இருக்கின்றன. பலபேர் என்னைக் கேட்கிறார்கள்: "ஒரு பல் டாக்டருக்கு எதுக்கம்மா இந்த வேலை?" நான் திருப்பிக் கேட்கிறேன். இதற்கு என்ன பெயர் வைத்திருக்கிறோம்? வாய்மொழி இலக்கியம்! வாயில் இருக்கும் மொழியை வாய்க்கு வைத்தியம் பார்க்கிறவர் தொகுக்காமல், முழங்காலுக்கு வைத்தியம் பார்க்கிறவரா தொகுப்பார்?

சிரியுங்கள், சிரியுங்கள். பல் தெரியச் சிரியுங்கள். டாக்டரம்மா மேடையிலிருந்து எண்ணிக்கொண்டிருக்கிறார்.

இந்த நூல் பிறந்தது பயத்தில். ஆம், பெரியோர்களே, பயத்தில்! எங்கள் மருத்துவமனை நாற்காலியில் உட்காரும் எந்த மனிதரும் உடனே வாயைத் திறப்பதில்லை. ஊசியைக் கண்டதும் அவருக்கு ஊர்ப்பாசம் பொங்கிவிடும். "டாக்டர், நம்ம குன்றுக்கு ஏன் உச்சி இல்லைன்னு தெரியுமா?" என்று தொடங்குவார். இரண்டு ராட்சதர்கள் சீட்டாடினார்கள், தோற்றவன் ஆத்திரத்தில் குன்றின் உச்சியைப் பிடுங்கி எறிந்தான் என்று கதை நீளும். எறிந்த உச்சி எங்கே விழுந்தது, யார் தலையில் விழுந்தது, விழுந்தவன் யாருக்கு மாமன் என்று வளர்ந்துகொண்டே போகும். டாக்டரம்மா கையில் குறடு. காதில் கதை. கண்ணில் கனவு! கண்ணாடிக் கடைக்காரர் ஒருவர், கேட்டதற்கெல்லாம் பதில் சொல்லும் கிணற்றின் கதையை ஆரம்பித்தார். கிணறு பேசியது, அரசன் பேசினான், அரசனின் குதிரை பேசியது. குதிரை பேசி முடித்தபோது அவருக்குப் பல் வலியே போய்விட்டது. எழுந்து, நன்றி சொல்லிவிட்டு, சட்டையைச் சரிசெய்துகொண்டு போய்விட்டார்! அந்தப் பல் இன்னும் அவர் வாயிலேயே இருக்கிறது. அதோ, நான்காவது வரிசையில் குனிந்துகொள்கிறார் பாருங்கள்.

இப்படித்தான் கதை சேர்ந்தது. கல்லில் செதுக்காத கதை, காகிதத்தில் ஏறாத கதை, கன்னத்துக்குள் ஒளிந்திருந்த கதை! டாக்டரம்மா கேட்டார், நான் எழுதினேன்.

எல்லாக் கதையும் சிரிப்பாக இருந்துவிட்டால் இன்றைய கூட்டம் என்றைக்கோ நடந்திருக்கும். ஒரு கதை குறுக்கே நின்றது. நம் எல்லாருக்கும் தெரிந்த கதை. பாலம் உடைந்த கதை.

ஆற்றின் நடுவே மூன்று கல்தூண்கள் தனியாக நிற்கின்றனவே, அவற்றின் மேல் முன்னொரு காலத்தில் மரப்பாலம் இருந்தது. பெருவெள்ளம் வந்த நாளில் மேல்கரைத் தச்சன் ஒருவன் கோடாலியால் அந்தப் பாலத்தை வெட்டிவிட்டான். கதையில் இதுவரைக்கும் இரு கரைக்கும் சண்டையில்லை. ஏன் வெட்டினான்? அங்கேதான் ஆறு இரண்டாகப் பிரிகிறது!

கீழ்க்கரையில் என்ன சொல்கிறோம்? தாழ்வான கரையிலிருந்து குழந்தை குட்டிகளோடு மேட்டுக்கு ஓடிவந்த நம்மை, தங்கள் பக்கம் வந்து ஒண்டிக்கொள்வோம் என்று பயந்து, கண்ணெதிரே பாலத்தை வெட்டினான் பாவி என்கிறோம். மேல்கரையில் என்ன சொல்கிறார்கள்? வேரோடு வந்த மரங்கள் பாலத்தில் சிக்கி அணைபோல் அடைத்துக்கொண்டன; தண்ணீர் எகிறிக் கீழ்க்கரைக்குள் புகுந்தது; அடைப்பை எடுக்கத்தான் வெட்டினான், கூரைமேல் ஏறியவர்கள் பிழைத்தது அதனால்தான் என்கிறார்கள். அவன் பிறந்த வீட்டுக்குக் கோடாலி வீடு என்று பெயர் வந்துவிட்டது. வீட்டுக்காரர்கள் வைத்துக்கொண்ட பெயரா அது? நாம் வைத்த பெயர்!

பழைய கதைதானே, இதில் யாருக்கு என்ன வலி என்று கேட்பீர்கள். நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன், ஒரு நாள் காலைவரை.

கோடாலி வீட்டுப் பெரியவரின் மகளை நீங்கள் எல்லாரும் அறிவீர்கள். இரு கரைக்கும் நடுவே ஓடும் பேருந்தை ஓட்டுகிறவர். புதுப்பாலத்தில் நாள்தோறும் நம்மைச் சுமந்து போகிறவர். வண்டி பாலத்தில் ஏறியதும் யாராவது ஒருவர் குரல் கொடுப்பார்: "பார்த்தும்மா, பாலத்தை உடைச்சிடாதே!" பேருந்தே சிரிக்கும். அவரும் சிரிப்பார். பள்ளிக்கூடத்தில் கேட்ட கேலி, கல்யாண வீட்டில் கேட்ட கேலி, வேலைக்குச் சேர்ந்த அன்றே கேட்ட கேலி. சிரித்துச் சிரித்தே பழகியவர்.

அன்றைக்கும் ஒருவர் சொன்னார். அன்றைக்கும் பேருந்து சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. பாலத்தின் நடுவில் வண்டியை நிறுத்தினார். இயந்திரத்தை அணைத்தார். திரும்பிப் பார்த்துச் சொன்னார்: "இது இரும்புப் பாலங்க. என்கிட்ட கோடாலியும் இல்லை. உங்க பிள்ளைங்களைத் தினம் ஸ்கூல்ல கொண்டுபோய் விடுறது நான்தான். ஒரு நாளாவது ஒரு குலுக்கல் குலுக்கியிருக்கேனா? சொல்லுங்க."

அவர் மறுபடி வண்டியைக் கிளப்பி, அவரவர் நிறுத்தத்தில் எல்லாரையும் இறக்கிவிட்டார். நான் முன் இருக்கையில் இருந்தேன். நடந்ததை அப்படியே வந்து டாக்டரம்மாவிடம் சொன்னேன்.

டாக்டரம்மா, "ரெண்டு கதையையும் பக்கத்துல பக்கத்துல போடுவோம்" என்றார். போடுவோம் என்றதுதான் தாமதம், புத்தகத்துக்குப் பல் வலி பிடித்துக்கொண்டது! முதலில் வந்தவர் நம் தலைவர். தலைவரே, இதைச் சொல்ல உங்களிடம் அனுமதி வாங்கியிருக்கிறேன், முறைக்காதீர்கள். "மேல்கரைக் கதையைப் போட்டா இந்தப் புத்தகத்தை நூலகக் குழு அச்சடிக்காது டாக்டர். எங்க முன்னோர் கூரைமேல உட்கார்ந்து அழுதது பொய்யா?" என்றார். அவர் படி இறங்கினார், கோடாலி வீட்டுப் பெரியவர் படி ஏறினார். "கீழ்க்கரைக் கதையைப் போட்டா நான் கோர்ட்டுக்குப் போவேம்மா. வாயில சொன்னதையே தாங்க முடியலை. அச்சுல வேற வரணுமா?" என்றார்.

இருவருக்கும் டாக்டரம்மா சொன்ன பதில் ஒன்றே. "ரெண்டும் வரும். கோவிச்சுக்கிட்டுப் போங்க, பரவாயில்லை. பல் வலி வந்தா இங்கதானே வந்தாகணும்!"

சொன்ன வாய்க்குச் சர்க்கரை போட வேண்டும்! மழை பிடித்திருந்த ஒரு நாள் முற்பகலில் இருவருமே வந்தார்கள்.

அந்தக் காட்சியை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். எங்கள் காத்திருப்பு அறையில் ஒரே ஒரு நீள இருக்கை. ஒரு முனையில் ஜவுளிக்கடை முதலாளி. மரத்துப்போக ஊசி போட்டாகிவிட்டது, பாதி உதடு தொங்குகிறது. மறுமுனையில் கோடாலி வீட்டுப் பெரியவர். வீங்கிய கன்னத்தைச் சுற்றி மகளின் துப்பட்டாவால் தலையோடு ஒரு கட்டு. பக்கத்தில் சீருடையோடு மகள். இரு கரையின் இரு பெருந்தலைகளும் ஒரே கூரையின் கீழ்! வார்த்தைக்கு வார்த்தை வாளெடுக்க வேண்டியவர்கள், வாயெடுக்க முடியாமல் உட்கார்ந்திருந்தார்கள். ஒருவர் மேற்கே பார்த்தார், ஒருவர் கிழக்கே பார்த்தார். நடுவே சுவரில் இருந்த பல் படம் இருவரையும் பார்த்தது.

உள்ளே நாற்காலியில் யார்? இதோ, இந்த வலைக்கார அம்மாதான். ஆற்றின் கடைக்கோடி மணல்மேட்டு ஊரிலிருந்து படகில் வலை விற்க வருகிறவர். இங்கே வருவார், விற்பார், பொழுது சாய்வதற்குள் படகேறிவிடுவார். அவரை உட்காரவைத்து ஒரு வார்த்தை கேட்க நமக்கு எப்போது நேரம் இருந்தது? கடைவாய்ப் பல்தான் அவரை உட்கார வைத்தது!

ஊசியைப் பார்த்ததும் அவரும் எல்லாரையும்போல் ஆரம்பித்தார். "அம்மா, அம்மா, ஒரு நிமிஷம் இரும்மா. எங்க ஊர்க் கதை ஒண்ணு சொல்றேன், கேட்டுட்டு அப்புறம் குத்து."

"சொல்லுங்கக்கா" என்று டாக்டரம்மா ஊசியைக் கீழே வைத்தார். எங்களுக்கும் காத்திருப்பு அறைக்கும் நடுவே கதவு இல்லை, திரைச்சீலைதான். அவர் குரலோ காற்றடிக்கும் ஆற்றில் படகுக்குப் படகு பேசிப் பழகிய குரல்.

"எங்க பெரிய பெரிய பாட்டன் காலத்துல ஒரு வெள்ளம் வந்துச்சாம். தண்ணியில மரமும் பலகையுமா வந்து எங்க மேட்டுல ஒதுங்குது. என்னன்னு போய்ப் பார்த்தா, ஒரு பலகைமேல ஒரு ஆளு. கால் ஒடிஞ்சிருக்கு. உசுரு இருக்கு. கையில கோடாலி. பிடிச்ச பிடி விடலை. விரலை ஒவ்வொண்ணாப் பிரிச்சுத்தான் எடுத்தாங்களாம்."

எழுதிக்கொண்டிருந்த என் பேனா நின்றுவிட்டது. வெளியே இருக்கை கிறீச்சிட்டது.

"கண்ணு முழிச்சதும் அவன் என்ன கேட்டான் தெரியுமா? தண்ணி கேட்கலை, சோறு கேட்கலை. 'அக்கரை தப்பிச்சுதா?'ன்னு கேட்டானாம். எந்த அக்கரைப்பா, உன் வீடு அங்கயான்னு கேட்டிருக்காங்க. 'என் வீடு இந்தப் பக்கம். மேட்டுல இருக்கு, அதுக்கு ஒண்ணும் ஆகாது. அக்கரைதான் பள்ளம். தண்ணி இறங்கிச்சா, அதைச் சொல்லுங்க'ன்னு அழுதானாம். எங்க ஆளுங்களுக்கு எந்த ஊரு, எந்தக் கரைன்னு என்ன தெரியும்? கால் கூடுற வரைக்கும் வெச்சிருந்து அனுப்பிட்டாங்க. இருந்த அத்தனை நாளும் வர்ற படகையெல்லாம் நிறுத்தி அதையேதான் கேட்டானாம். அதனால எங்க பிள்ளைங்க இன்னிக்கும் அந்தக் கதைக்கு அக்கரைக்காரன் கதைன்னுதான் சொல்லும்."

சொல்லி முடித்துவிட்டு, "சரி, இப்போ குத்து" என்று கண்ணை இறுக்கி மூடிக்கொண்டார். குத்துவதற்கு டாக்டரம்மாவுக்குக் கை வரவில்லை.

திரையை விலக்கினேன். கோடாலி வீட்டுப் பெரியவர் எழுந்து நின்றிருந்தார். அவர் மகள் சீருடைக் கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். ஜவுளிக்கடை முதலாளி உட்கார்ந்த இடத்திலேயே உறைந்திருந்தார். என்ன நினைத்தாரோ, மெல்ல எழுந்தார். அந்த நீள இருக்கையின் முழு நீளத்தையும் நடந்தார். அவ்வளவு தூரத்தை அதற்குமுன் யாரும் நடந்ததில்லை, சபையோரே! மகளுக்கு நேராக நின்று ஏதோ சொன்னார். பாதி உதடு மரத்த வாய் அல்லவா? "வந்நிச்சிலும்மா" என்று வந்தது.

மகளுக்குப் புரியவில்லை. எனக்கும் புரியவில்லை. கன்னத்தில் கட்டுப் போட்டிருந்த பெரியவர்தான், பல்லைக் கடிக்கவும் முடியாத வலியில், மகளிடம் மொழிபெயர்த்தார்: "மன்னிச்சிடும்மாங்கறாரு."

மகள் அழுதுகொண்டே சிரித்துவிட்டார். "பரவாயில்லைங்கப்பா. முதல்ல உட்காருங்க, எச்சில் ஒழுகுது" என்றார்!

கை தட்டுங்கள், தாராளமாகத் தட்டுங்கள். தலைவரும் தட்டுகிறார்.

இத்தோடு முடிந்ததா? நம் ஊரில் எது அத்தோடு முடிந்திருக்கிறது? உதடு சரியானதும் தலைவர் வந்தார். "டாக்டர், கீழ்க்கரைக் கதையை எடுத்துடுங்க. மத்த ரெண்டையும் போடுங்க" என்றார். பெரியவர் ஒப்பவில்லை. "அவங்க கூரைமேல உட்கார்ந்து அழுததும் நெசம்தானே? பாலம் விழுறதைப் பார்த்தவனுக்கு என்ன தோணும்? அதுவும் இருக்கட்டும்" என்றார். கவனியுங்கள் பெரியோர்களே! வழக்குப் போடுவேன் என்றவர், எதிர்த்தரப்புக்கு வாதாடினார்! டாக்டரம்மா சொன்னார்: "மூணுலயும் வெள்ளம் இருக்கு, பாலம் இருக்கு, கோடாலி இருக்கு. வெட்டும்போது அவன் மனசு எந்தப் பக்கம் இருந்துச்சுங்கறதுதான் மாறுது. அதை முடிவு பண்ண நான் யாரு? படிக்கிறவங்க பண்ணட்டும்." மூன்றும் ஏறின.

அடுத்து எழுத்துச் சண்டை! அந்தக் கதைக்குத் தலைப்பு எழுத வேண்டும். நான் வலைக்கார அம்மாவிடம் கேட்டேன்: "அக்கரைக்காரன்னா, அந்தக் கரையில இருக்கறவனா? இல்லை, அக்கறை உள்ளவனா? எந்த எழுத்தும்மா, சின்ன ர-வா, பெரிய ற-வா?" அவர் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! "எங்களுக்குக் கூப்பிடத்தான் தெரியும். எழுதி யாரு பார்த்தா?" என்றார்.

தலைவர் உடனே, "பெரிய ற-தான்! அவ்வளவு அக்கறையா இருந்த மனுஷனுக்குச் சின்ன எழுத்தா?" என்று கொதித்தார். பெரியவரோ, "அதெல்லாம் ரொம்ப அதிகம்ங்க. சின்னதே போதும்" என்று கூசினார். கீழ்க்கரை புகழ்கிறது, மேல்கரை மறுக்கிறது. இப்படி ஒரு சண்டையை இந்த ஆறு கண்டதுண்டா? சின்ன எழுத்து தலைப்பில் ஏறியது. பெரிய எழுத்து, தலைவர் தாமே எழுதிய முன்னுரையில் ஏறியது. புரட்டிப் பாருங்கள். இரண்டு எழுத்தையும் வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். காதுக்கு அது எப்போதும் ஒன்றாகவே இருந்திருக்கிறது!

அன்பார்ந்த அவையோரே! ஊர்க்கதை நூல் எதற்கு? பழம்பெருமை பேசவா? அலமாரியில் அடுக்கவா? அல்ல, அல்ல! நம் தெருவில் ஒரு கதை இருக்கும். அதன் பாதி எதிர்த்தெருவில் இருக்கும். அதன் மீதி, நாம் பெயர்கூடக் கேட்காத யாரோ ஒருவரின் கடைவாய்ப் பல்லுக்குப் பின்னால் இருக்கும்! தனித்தனியாக இருந்தால் அது வசை. சேர்த்து வைத்தால் அது வரலாறு! கதையைச் சொல்லாமல் வைத்தால் காயம். கேட்க ஒருவர் வாய்த்தால் மருந்து! எது நடந்தது என்று இன்றும் எனக்குத் தெரியாது. ஆனால், யாரை நோக்கி என்ன சொல்லிச் சிரிக்கிறோம் என்று இனிமேல் நாம் யோசிப்போம். அந்த யோசனையைத் தந்த நூல் சிறிய நூலா? சொல்லுங்கள், சிறிய நூலா?

என்னம்மா? தாய்மார்கள் பக்கத்தில் யாரோ எழுந்து நிற்கிறீர்கள். பச்சைச் சேலை அம்மா, கொஞ்சம் சத்தமாகச் சொல்லுங்கள். என்ன? "கோடாலியை எடுத்துக் குடுத்தது யாரு, அதைச் சொல்லலையே" என்கிறீர்களா?

அவன் பெண்டாட்டியா! அவள்தான் வீட்டிலிருந்து கோடாலியை எடுத்துக்கொண்டு மழையில் ஓடிவந்தாளா? உங்கள் தெருவில் அப்படித்தான் சொல்வீர்களா? டாக்டரம்மா! இது நம்மிடம் இல்லையே! பெரியவரே, உங்கள் வீட்டுக் கதை, உங்களுக்காவது தெரியுமா? அவரும் கையை விரிக்கிறார்! தலைவரோ நாற்காலியை அந்தப் பக்கம் திருப்பிவிட்டார். தாய்மார்களின் கைதட்டலைக் கேளுங்கள், கூரை பறந்துவிடும்போல் இருக்கிறது!

தம்பிகளே, வழி விடுங்கள். அம்மா, மேலே வாருங்கள். என் பேச்சை எழுதிவந்த தாளில் இன்னும் இரண்டு பக்கம் இருக்கிறது. மடித்து வைத்துவிட்டேன். அந்த நேரம் முழுவதும் உங்களுக்கு. ஊசி இல்லை, குறடு இல்லை, பயப்படாமல் சொல்லுங்கள்.

இவ்வளவு நேரம் பொறுமை காத்த பெரியோர்க்கும், சிரித்தும் சினக்காமலும் இருந்த தலைவருக்கும், அச்சுக் கோத்தவர்க்கும், ஆற்றைக் கடந்து வந்த அனைவர்க்கும் என் நெஞ்சின் ஈரத்தை நன்றியாக்கிப் படைக்கிறேன். அடுத்துப் பேசுபவர் படியேறி வந்துவிட்டார். அவருக்கு ஒலிபெருக்கியைத் தந்து, உங்கள் எல்லாருக்கும் வணக்கத்தைத் தந்து, நானும் கதை கேட்க உங்களோடு கீழே வந்து உட்கார்ந்துகொள்கிறேன்.